தளபதிக்கு முதல் வெந்நீர்

மாலை மூன்று மணிக்கு எங்கள் பொதுக் குளியல்கூடத்தின் கதவைத் திறந்தால் வாசலில் நிற்கும் முதல் ஆள் சுருமாகி தளபதிதான். மூன்று அடிக்க ஐந்து நிமிடம் இருக்கும்போதே வந்துவிடுவார். போர் முடிந்து பத்து வருஷம் ஆகிறது. படை போயிற்று, பதவி போயிற்று. ஆனாலும் எல்லோரும் இறங்கும் பெரிய தொட்டியில் யார் உடம்பும் படாத முதல் வெந்நீர் மட்டும் அவருக்கு வேண்டும். சோப்பு, துண்டு, மாற்றுடை எல்லாவற்றையும் ஏந்திக்கொண்டு பின்னால் குரோதா வருவார். போரில் தளபதிக்கு ஏவலாளாக இருந்தவர், இப்போது சைக்கிள் கடை வைத்திருக்கிறார். ஒரு சைக்கிள் கடைக்காரர் எதற்குத் தினமும் கடையைப் பூட்டிவிட்டு வந்து இன்னொருவர் முதுகைத் தேய்க்க வேண்டும் என்று நான் அவரிடம் கேட்டதில்லை. தெருவில் மற்ற எல்லோரிடமும் கேட்டிருக்கிறேன்.

காசு வாங்க நான் உட்காரும் இருக்கை ஆண்கள் கதவுக்கும் பெண்கள் கதவுக்கும் நடுவில், உயரத்தில் இருக்கிறது. இந்தப் பக்கம் திரும்பினால் ஆண்கள், அந்தப் பக்கம் பெண்கள். இருபத்தெட்டு வருஷம் உட்கார்ந்து எனக்குக் கூச்சம் போய்விட்டது. பெரிய மனிதர்கள்மேல் இருந்த மரியாதையும் அதோடு போய்விட்டது. உள்ளே நடுச்சுவர் கூரைவரை எட்டாது. புருஷன் சோப்பை மறந்துவிட்டு வந்தால் பெண்டாட்டி சுவருக்கு மேலே வீசுவாள், அவன் பிடித்துக்கொள்வான். பேச்சும் அப்படியே தாண்டும். எங்கள் தெருவில் ரகசியம் பேசுகிறவர்கள் குளித்து முடித்துவிட்டுத்தான் பேசுவார்கள்.

இந்த வசந்தத்தில் தெருச் சங்கம் ஒரு நினைவுக்கல் வைக்க முடிவு செய்தது. எங்கள் பகுதியிலிருந்து தளபதியின் படைப்பிரிவில் போய் பர்மா மலைகளிலிருந்து திரும்பாதவர்கள் முப்பத்தொரு பேர். அவர்கள் பெயர்களுக்கு மேலே ஒரு வரி வேண்டும். தளபதியைத் தவிர வேறு யார் எழுதுவது என்று சங்கத் தலைவர் ஓனுமா கேட்டார். அவர் அரிசிக்கடைக்காரர், யாரையும் பகைத்துக்கொள்ளாதவர். தளபதி தூரிகையால் எழுதிக் கொடுத்தார்: ‘திசைமாற்றி முன்னேறுகையில் இவ்வீரர்கள் மலர்களாய் உதிர்ந்தனர்.’ கீழே தன் பெயரும் பழைய பதவியும், உள்ளங்கை அகல எழுத்தில்.

‘திசைமாற்றி முன்னேறுதல்’ என்பது போர்க்கால ரேடியோவில் தினமும் கேட்ட சொல். பின்வாங்கி ஓடுவதற்கு அப்போது அதுதான் பெயர். நம் படை அப்படித் திசைமாற்றித் திசைமாற்றி முன்னேறிக்கொண்டே கடைசியில் நம் வீட்டு வாசலுக்கே வந்து சேர்ந்தது.

எல்லோரும் தாளைப் பார்த்துத் தலையாட்டினார்கள். நுயி மட்டும் ஆட்டவில்லை. அவள் டோஃபு என்கிற சோயாக்கட்டி விற்கும் கடைக்காரி, அவளுடைய ஒரே மகன் ஷின்பெய் அந்த முப்பத்தொரு பேரில் ஒருவன். அவன் அஸ்தி என்று அரசாங்கம் ஒரு வெள்ளைப் பெட்டி அனுப்பியது. ஆட்டினால் சத்தம் கேட்டது. திறந்தால் உள்ளே ஒரு கூழாங்கல். அந்தக் கல்லை அவள் இன்றைக்கும் டோஃபுவை அழுத்தும் பலகைமேல் மற்ற எடைக்கற்களோடு வைக்கிறாள்.

“என் பிள்ளை எப்படிச் செத்தான்னு சொல்லுங்க. அது தெரியாம அந்த வரிக்குக் கீழ அவன் பேரைப் போட விடமாட்டேன்” என்றாள்.

“அக்கா, திங்கக்கிழமை தாள் கல்தச்சர் கைக்குப் போகுது. முப்பது குடும்பம் ஒத்துக்கிச்சு” என்றார் ஓனுமா.

“அப்ப முப்பது பேரைப் போட்டுக்கங்க.”

சனிக்கிழமை மூன்றே காலுக்கு ஆண்கள் பக்கத்தில் தளபதி பாடம் நடத்திக்கொண்டிருந்தார். முக்காலியில் உட்கார்ந்திருக்கிறார், முதுகில் குரோதா நுரை போடுகிறார். எதிரே ஓனுமாவும் முடிதிருத்தும் கடைக்காரரும் இடுப்பில் துண்டோடு. தளபதி என் மரவாளிகளைத் தரையில் பரப்பிவிட்டார்.

“இது முதல் ரெஜிமென்ட். இது ரெண்டாவது. இந்த முக்காலிதான் மலை. மூணு பக்கமிருந்தும் ஒரே நாள்ல மலையைத் தாண்டி இறங்கணும். வரைபடத்துல நான் கோடு போட்டப்பவே ஜெயிச்சாச்சு. மழைதான் முந்திக்கிச்சு.”

“மழை யார் கட்டளைக்கும் கீழ்ப்படியாதுங்களே” என்றார் முடிதிருத்துகிறவர். சிரிப்பதா வேண்டாமா என்று ஓனுமாவுக்குத் தெரியவில்லை.

“தளபதின்னா மனசு கலங்கக் கூடாது. சாப்பாடு இல்லைன்னு மூணு தடவை கம்பியில்லாத் தந்தி வந்துச்சு. நான் கலங்கலையே.”

சுவருக்கு அந்தப் பக்கம் தண்ணீர் ஊற்றும் சத்தம் நின்றது.

“ஐயா” என்று நுயியின் குரல் வந்தது. “என் பையன் எந்த வாளியில இருந்தான்?”

“யாரது?”

“டோஃபு கடை நுயி.”

தளபதி தொண்டையைச் செருமினார். “எல்லா வாளியும் நாட்டுக்காகத்தாம்மா.”

“அந்த வாளிக்குள்ள எத்தனை நாளைக்கு அரிசி இருந்துச்சு?”

“இருபது நாளைக்கு.”

“சண்டை எத்தனை நாளு?”

ஓனுமா வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், “நாலு மாசத்துக்கு மேலங்க” என்றார். அவர் தம்பியும் அந்த முப்பத்தொரு பேரில்.

“அதுக்கப்புறம் எதிரியோட கிடங்கைப் பிடிச்சு எடுத்துக்கணும். அதுதான் திட்டம்” என்றார் தளபதி.

“எதிரி குடுத்தானா?”

திடீரென்று சுவருக்கு மேலே ஒரு மரவாளி பறந்து வந்தது. இரண்டாவது ரெஜிமென்ட் மேல் விழுந்து, உருண்டு, தளபதியின் காலருகே நின்றது.

“இதையும் சேர்த்துக்கங்க. இதுல ஒண்ணுமில்ல. என் பையன் இருந்த வாளி இதாத்தான் இருக்கும்.”

“ஏம்மா, அந்தப் பொம்பளையை வெளிய அனுப்பு” என்று தளபதி என்னைப் பார்த்துச் சொன்னார். நான் கல்லாவில் இருந்த சில்லறையை எண்ணுகிற மாதிரி குனிந்துகொண்டேன்.

அப்போதுதான் குரோதாவின் கை நின்றிருப்பதைப் பார்த்தேன். தேய்க்கும் துணி தளபதியின் முதுகில் ஒட்டியபடி இருந்தது, கை அதில் இல்லை.

“நுயி அக்கா” என்றார் குரோதா, சுவரைப் பார்த்து. “ஷின்பெய் எந்த வாளியிலயும் இல்ல. அவன் தொட்டி தூக்கினான்.”

“என்ன தொட்டி?”

“ஐயாவோட குளியல் தொட்டி. இரும்பு. ஆறு பேர் தூக்கணும். ஆள் மாத்த இன்னும் ஆறு பேர். அரிசி சுமக்க ஆளில்லைன்னு மூட்டையை ரோட்டுல விட்டுட்டுப் போன அன்னைக்கும் தொட்டிக்குப் பன்னெண்டு பேர் இருந்தாங்க.”

“டேய் குரோதா.”

“நான்தான்க்கா அவனை அந்த வேலைக்குச் சேர்த்தேன். நம்ம தெருப் பையன், முன்வரிசைக்குப் போகாம பின்னாடி பத்திரமா இருக்கட்டுமேன்னு. திரும்பி வர்ற வழியில ஒரு நாள் தொட்டியை இறக்கி வெச்சிட்டு உட்கார்ந்தான். எழுந்திருக்கல. வாயில புல்லு இருந்துச்சு.”

பிறகு நுயி கேட்டாள்.

“தொட்டி?”

“வேற ஆள் போட்டோம்.”

தளபதி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “தலைவன் சுத்தமா இருந்தாத்தான் படைக்கு ஒழுங்கு வரும். முதுகைக் கழுவு” என்றார். குரோதா எழுந்தார். ஈரத்தோடு சட்டையை மாட்டிக்கொண்டு என்னைத் தாண்டிப் போனார். பொத்தான்களை மாற்றி மாற்றிப் போட்டிருந்தார்.

அன்றிரவு எனக்கு என் மேலேயே ஆத்திரமாக வந்தது. பத்து வருஷமாக அந்த ஆளுக்கு நாற்பத்துநான்கு டிகிரி, கூடக் குறைய இல்லாமல், காய்ச்சி வைத்தவள் நான். விறகு சுமக்க ஆள் போதாத நாளில்கூட.

திங்கட்கிழமை தாள் கல்தச்சரிடம் போகவில்லை. ஓனுமாவே அதை நிறுத்திவைத்துவிட்டார். மூன்று மணிக்குத் தளபதி தனியாக வந்தார். தன் சோப்பைத் தானே எடுத்து வந்திருந்தார்.

“வெந்நீர் இன்னும் காயலைங்க” என்றேன்.

பெஞ்சில் உட்கார்ந்தார். முடிதிருத்துகிறவர் வந்தார், உள்ளே போனார். மீன்கடைக்காரர் போனார். ஆவி கூரையை முட்டியது.

“அவங்கல்லாம் போறாங்களே.”

“அவங்களுக்குக் காஞ்சிருச்சுங்க.”

எனக்குப் போர்க்கலை தெரியாது. ஆனால் வருஷக்கணக்காக அவர் பாடத்தைக் கேட்டதில் ஒன்று மனதில் நின்றிருந்தது: எதிரியின் வழங்கல் பாதையை வெட்டு. நான் யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. சும்மா, வருகிறவர்களிடம் பேசிக்கொண்டிருந்தேன். செவ்வாயிலிருந்து அவர் வீட்டுக்கு டோஃபு போகவில்லை. முடிதிருத்தும் கடையில் அவர் போகும்போதெல்லாம் நாற்காலி நிறைந்திருந்தது. ஓனுமாவின் அரிசி வண்டி அந்த வீட்டைத் தாண்டிப் போயிற்று. இருபது நாளைக்கான அரிசி வீட்டில் இருந்திருக்கும் என்றுதான் நினைக்கிறேன். அவர் தினமும் மூன்றுக்கு வந்து, ஆறுவரை பெஞ்சில் உட்கார்ந்துவிட்டுப் போனார். கழுத்து அழுக்கு காலருக்கு மேலே தெரிந்தது.

ஒன்பதாம் நாள் ஒரு சுருட்டிய தாளோடு வந்து என் முன்னால் வைத்தார். நான் பெண்கள் பக்கம் திரும்பி நுயியைக் கூப்பிட்டேன். அவள் தலையைத் துவட்டிக்கொண்டே வந்து தாளை விரித்தாள்.

‘இந்த முப்பத்தொரு பேரும் உணவின்றிப் பசியால் இறந்தனர்.’

அழகான எழுத்து, அதை மறுக்க முடியாது. நுயி இரண்டு தடவை படித்தாள். பிறகு தாளைத் திருப்பிப் பின்பக்கம் பார்த்தாள்.

“கீழ பேர் எங்க?”

“யார் பேரு?”

“எழுதினவங்க பேரு. போன தாள்ல இவ்வளவு பெருசா இருந்துச்சே.”

“இதுல என் பேரு முக்கியமில்லம்மா. போனவங்கதான் முக்கியம்.”

“சாப்பாடு இல்லாம அனுப்பினது யாருன்னு கல்லைப் படிக்கறவனுக்குத் தெரிய வேணாமா?”

தளபதி என்னைப் பார்த்தார். நெற்றியில் வியர்வை. உள்ளே யாரோ தொட்டியில் இறங்கி, சுகமாக ஒரு பெருமூச்சு விட்டது வெளியே கேட்டது.

“ஏம்மா, வெந்நீர்?”

நுயி தாளைச் சுருட்டி அவர் மடியில் வைத்துவிட்டு உள்ளே போனாள். நான் என் பேனாவை எடுத்து, மூடியைக் கழற்றி, அவருக்கு எட்டும் இடத்தில் வைத்தேன்.

“இன்னும் காயலைங்க” என்றேன்.