ஜகார்த்தாவுக்காக அழுதவள்

ஜகார்த்தாவிலிருந்து வரும் அந்தக் கைப்பேசித் தொடரில் கதாநாயகி மெலாத்தி நிமிடத்துக்கொரு முறை கன்னத்தில் அறை வாங்குவாள். உடனே கேமரா அவள் கண்ணுக்குள் பாயும். மனதுக்குள் பேசிக்கொண்டே அழுவாள். அந்த அழுகையைச் சிங்கப்பூர் தேக்காவில் ஒரு நகைக்கடையின் மாடியிலுள்ள டப்பிங் அறையில் உட்கார்ந்து தமிழில் அழுதுகொடுப்பது வைதேகியின் வேலை. வீட்டுக்கு வரும் ஒரே சம்பளம் அதுதான்.

முதலாளி பிரபாகரின் நேம் கார்டில் 'தென்கிழக்காசிய உணர்ச்சிகளின் தூதர்' என்று அச்சிட்டிருக்கும். இந்தோனேசியா பக்கம் அவர் போனது எதிர்க்கரைத் தீவான பாத்தாம் வரைக்கும், அதுவும் மசாஜுக்கு.

"உட்காருங்க வைதேகி. ஹிஸ்டாரிக் மொமென்ட் லா இது," என்றார் அன்று அவள் வந்ததும்.

ஒலிப்பதிவாளர் நிதீஷ் பொத்தானைத் தட்டினான். மெலாத்தி அழுதாள். குரல் வைதேகியுடையது. அந்த வசனத்தைத்தான் அவள் பேசியதே இல்லை.

"நேத்து போன எபிசோடு. முழுக்க மெஷின்! உங்க பழைய அழுகையெல்லாம் ஊட்டி வளத்தோம். எப்படி?"

வைதேகி யோசித்தாள். "மூக்கு உறிஞ்சுறது நல்லா வந்திருக்கு சார்."

"பாத்தியா நிதீஷ்? ஆர்ட்டிஸ்ட்னா இவங்கதான். பொறாமையே இல்ல!"

"அப்ப நாளைக்கு நான் வரணுமா?"

பிரபாகர் எழுந்து நின்றார். உட்கார்ந்தபடி யாரையும் வேலையை விட்டு அனுப்பும் பழக்கம் அவருக்கு இல்லை. "நீங்க எங்க போறீங்க? உங்க குரல் இங்கதானே இருக்கப் போகுது!" என்று சொல்லி, இழுப்பறையிலிருந்து சால்வையை எடுத்துப் போர்த்தினார்.

நிதீஷ் படம் எடுத்தான். "அக்கா, கொஞ்சம் ஃபீல் குடுங்க."

அவளுக்கு ஒன்றும் வரவில்லை. பல் பிடுங்குமுன் போடும் ஊசிக்குப் பிறகு கன்னம் இருப்பதுபோல் முகம் இருந்தது.

"பரவால்லக்கா, அப்புறம் சேத்துக்கலாம்," என்றான் நிதீஷ்.

பஸ்ஸில் புக்கிட் மேரா வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். சோபாவில் மாமியார் ரத்தினம்மா கைப்பேசியும் கையுமாக இருந்தார். மருமகளின் அழுகையை வருடக்கணக்கில் குறை சொல்லி வந்த ஒரே ரசிகை.

"வந்துட்டியா? நேத்து எபிசோடு இப்பதான் பாத்தேன். இத்தன நாள் ஏதோ சளி புடிச்ச மாதிரி அழுவே. இதுதான்டி அழுகை! ரெண்டு தடவ போட்டுப் பாத்துட்டேன்."

"அப்படியா அத்தை."

"விட்டுடாதே. நாளைக்கே அந்த பிரபாகர்கிட்ட சம்பளத்தக் கூட்டிக் கேளு."

"கேக்குறேன் அத்தை," என்று சொல்லிவிட்டு வைதேகி அரிசி களையப் போனாள்.