மூன்றாவது மனுதாரர்

நோயாளியை அவசரப் பிரிவில் இறக்கிய கையோடு ஆம்புலன்ஸை ஓரங்கட்டிவிட்டு அவள் ஓடினாள். எதிர்ச்சாரியில்தான் நீதிமன்றம். சீருடையை மாற்ற நேரமில்லை. கையுறையைக்கூட ஓடுகிற ஓட்டத்தில்தான் கழற்றினாள். இரண்டிரண்டு படியாகத் தாவி மாடியேறியபோது டவாலி அவர்களுடைய வழக்கைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தான்.

வக்கீல் கண்ணாலேயே அதட்டினார். அம்மாவுக்கும் பெரியப்பாவுக்கும் நடுவில் மூச்சு வாங்க நின்றாள்.

அண்ணி கொடுத்த வரதட்சணைப் புகாரில் முதல் எதிரி அண்ணன். அவன் விசாரணையைச் சந்தித்தே தீரவேண்டும் என்று வக்கீல் முன்பே கைவிரித்துவிட்டார். மற்ற மூவர் மீதான வழக்கை மட்டும் ரத்து செய்யச் சொல்லி இந்த மனு. அம்மாவுக்கு அது கௌரவப் பிரச்சினை. பெரியப்பாவுக்குத் தூக்கப் பிரச்சினை. அவளுக்கோ பிழைப்பே அதில்தான் தொங்கியது. தற்காலிக ஓட்டுநராக இருந்தவளை நிரந்தரமாக்கும் உத்தரவு கையெழுத்துக்குக் காத்திருந்தது. தலைமேல் வழக்கு இருந்தால் உத்தரவும் கிடையாது, வண்டியும் கிடையாது, மாலையே சாவியை வைத்துவிட்டுப் போய்விடு என்று மேலாளர் தெளிவாகச் சொல்லியிருந்தார்.

நீதிபதி வளவளக்கவில்லை. மாமியார் கொடுமைப்படுத்தினார், பெரிய மாமனார் தூண்டிவிட்டார் என்று பொத்தாம்பொதுவாகச் சொன்னால் போதாது. எப்போது, எங்கே, என்ன செய்தார்கள் என்று புகாரில் ஒரு வரிகூட இல்லை. முதல் இரண்டு மனுதாரர்கள் மீதான வழக்கு ரத்து.

அட்வைஸ் பெரியப்பா குனிந்து கும்பிட்டார். குடும்பத்தில் அவருக்கு அதுதான் பெயர். வரதட்சணைக் கார் வந்து சேரும்வரை பெண்டாட்டியைப் பிறந்தவீட்டுப் பக்கம் அனுப்பாதே என்று அண்ணனுக்கு அட்வைஸ் செய்த மகராசனும் அவர்தான்.

நீதிபதி பக்கத்தைப் புரட்டினார். மூன்றாவது மனுதாரர் விஷயம் வேறு என்றார். பதினோராம் தேதி பிற்பகல் மூன்று மணிக்கு நாத்தனார் என் செல்போனைப் பிடுங்கிக்கொண்டு, என்னை அறைக்குள் தள்ளி வெளியே தாழ்ப்பாள் போட்டார் என்று புகாரில் இருந்ததை நிறுத்தி நிதானமாக வாசித்தார். தேதி இருக்கிறது, நேரம் இருக்கிறது, செயலும் இருக்கிறது. உண்மையா பொய்யா என்பது விசாரணையில் தெரியட்டும். மனு தள்ளுபடி.

அடுத்த வழக்குக்காரர்கள் அவளை இடித்துக்கொண்டு முன்னே போனார்கள்.

வராந்தாவுக்கு வந்ததும் அம்மா மூக்கைச் சிந்தினாள். பிறகு அடக்கமாட்டாமல் சிரித்தாள்.

"வாய் ஓயாம பேசினவ நான். என்னை விட்டுட்டாங்க. வாயே திறக்காத உன்னைப் பிடிச்சுக்கிட்டாங்க. உன் ராசி அப்படிடி."

பெரியப்பா மேல்முறையீடு பற்றி ஆரம்பித்தார். வக்கீல் அவரைக் கையமர்த்தினார். எங்கே போனாலும் இந்த வரி குறுக்கே நிற்கும் என்றார்.

"ஒரே வழிதான்மா. அந்தப் பொண்ணே வந்து, இந்த வரி பொய்னு பிரமாணம் எழுதிக் கொடுக்கணும். கொடுக்குமா?"

போய்க் காலில் விழு என்றாள் அம்மா. அண்ணனுக்கு வக்கீல் வைத்திருப்பதே இவள் சம்பளத்தில்தான், அதுவும் போனால் எல்லோரும் காற்றைக் குடிக்க வேண்டியதுதான் என்று முதுகில் கைவைத்துத் தள்ளினாள்.

மாடிப்படித் திருப்பத்தில் அண்ணி தனியாக நின்றிருந்தாள். அண்ணியை நோக்கி அவள் இறங்கிப் போனாள். மேலேயிருந்து அம்மா எட்டிப் பார்ப்பது தெரிந்ததும் கெஞ்சுகிறவள் மாதிரி கைகளைக் கூப்பிக்கொண்டாள்.

"நான் உள்ள போய் சொல்லிடறேன்," என்றாள் அண்ணி. "அந்த ஒரு வரி மட்டும் பொய்னு."

"சொன்னா? ஒண்ணு பொய்னா எல்லாமே பொய்னு அண்ணனோட வக்கீல் பிடிச்சுக்குவாரு. முதல்ல தப்பிக்கிறது அவன்தான். மறுநாளே உங்க வாசல்ல வந்து நிப்பான்."

"உன் வேலை?"

அவள் கூப்பிய கைகளை இன்னும் உயர்த்திக்கொண்டாள்.

"எனக்கு நடந்த எதுக்குமே தேதி ஞாபகமில்ல," என்றாள் அண்ணி. "அடி வாங்குறப்ப எவ காலண்டரைப் பார்ப்பா? நடக்காத ஒண்ணுக்குத்தான் தேதி, மணியெல்லாம் இருக்கு."

"அழாதீங்க அண்ணி. அம்மா பார்க்குறாங்க. என்னை நல்லா நாலு வார்த்தை திட்டுங்க."

அண்ணிக்குத் திட்ட வரவில்லை.

"உன் பேர் வேண்டாம்னு அன்னிக்கே தலைப்பாடா அடிச்சுக்கிட்டேன். 'புகார்ல என் பேரை விட்டா, நீங்க தப்பிச்சுப் போகக் கதவைத் திறந்துவிட்டது யாருன்னு வீட்டுல கண்டுபிடிச்சிடுவாங்க'ன்னு சொல்லி, ஸ்டேஷன் வாசல்ல உன் ஆம்புலன்ஸுக்குள்ள என்னை உக்கார வெச்சு, அந்த வரியை வார்த்தை வார்த்தையாச் சொல்லி எழுத வெச்சது நீதானே."