பின்வரிசையிலிருந்து ஒரு குரல்

முதல் வசனம் போன பிறகுதான் திரையின் அடியில் ஆங்கில மொழிபெயர்ப்பு எழுத்து வரவில்லை என்பதைத் தாரகா கவனித்தாள். லண்டன் லூயிஷாமில் ஒரு சிறிய மண்டபத்தில் அவள் நடத்தும் முதல் திரையிடல் அது. பேசும்படம் வந்த புதிதில் ஜெர்மனியில் எடுத்த நகைச்சுவைக் குறும்படங்கள். அவளுக்குத் தொடர்ந்து இடம் கொடுப்பதா என்று முடிவெடுக்க வேண்டிய பெண், முன்வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

தாரகா மைக்கை எடுத்துக்கொண்டு பின்வரிசைக்கு ஓடினாள். அங்கே அவளுடைய அப்பா வாமதேவன் இருந்தார். லண்டனுக்கு வருமுன் நெடுங்காலம் ஜெர்மனியில் உணவகச் சமையலறைகளில் வேலை செய்தவர்.

“அப்பா, சப்டைட்டில் வரேல்லை. நீங்கள் இங்கிலிஷில சொல்லுங்கோ.”

“என்ர இங்கிலிஷிலயோ?”

“ஓம். ப்ளீஸ் அப்பா.”

படத்தில், காணாமற்போன நாயைத் தேடித் தரச் சொல்லி ஒருவன் பொலிஸ் நிலையத்துக்கு வந்திருந்தான். அதிகாரிக்கு அவனுடைய பெயர் வாயில் நுழையவில்லை. ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு விதமாகக் கடித்துத் துப்பினார். வந்தவன் இன்னும் இன்னும் பணிந்து குனிந்தான். வாமதேவன் அதிகாரிக்குத் தடித்த குரலும் வந்தவனுக்குக் கீச்சுக்குரலும் கொடுத்தார். மண்டபம் சிரித்தது. முன்வரிசைப் பெண்ணின் கட்டிய கை அவிழ்ந்தது. அப்பாவுக்கு இப்படியெல்லாம் வரும் என்று தாரகாவுக்குத் தெரியாது.

அதிகாரி மேசையில் அடித்து ஏதோ கத்தினார். வாமதேவன் மைக்கை வாயிலிருந்து இறக்கினார். தலைகள் பின்னால் திரும்பின.

“அப்பா, என்ன சொல்லுறான்?”

அவர் மைக்கைக் கையால் பொத்தினார். “இதை எனக்கும் சொன்னவங்கள். அங்கை, விசா ஒபிசில. நீ என்ர மடியில இருந்தனி.”

அவளுக்கு நினைவில்லை. அப்போது மூன்று வயது இருந்திருக்கும். “விடுங்கோ அப்பா, காணும்” என்று மைக்குக்குக் கை நீட்டினாள். அவர் கொடுக்கவில்லை.

“மனிதன் பேசுவதைப் போலப் பேசு என்கிறார்” என்று ஆங்கிலத்தில் சொன்னார். இந்த முறை குரல் மாற்றவில்லை. அவருடைய சொந்தக் குரல்.

யாரோ ஒருவர் சிரிக்கத் தொடங்கிப் பாதியில் நிறுத்தினார்.

திரையில் அந்த மனிதன் மன்னிப்புக் கேட்டபடியே பின்னால் நடந்து போய்க் கதவைத் தள்ளினான். இழுத்துத் திறக்க வேண்டிய கதவு. அவன் தள்ளிக்கொண்டே இருந்தான். அதற்கு வசனம் இல்லை. ஒலிபெருக்கியில் வாமதேவனின் மூச்சு மட்டும் கேட்டது.