கொழுந்துக்கறை

தேயிலை மலையூரான ரிங்லெட்டில் மெலிசாவை ‘மேசைத்துணிக்காரி’ என்றுதான் சொல்வார்கள். கோலாலம்பூரில் நெசவுக்கலை படித்துவிட்டு வந்து, தேயிலைத் தூளில் சாயமேற்றிய நூலில் மேசைத்துணி நெய்து, பக்கத்து டவுனான தானா ராத்தாவில் சுற்றுப்பயணிகளுக்கு விற்றால் வேறென்ன சொல்வார்கள்? அந்தப் பெயர் அவளுக்கு வேப்பங்காய். தன் துணி ஒரு கண்காட்சிச் சுவரில் தொங்கவேண்டும், பக்கத்தில் தன் பெயர் இருக்கவேண்டும் என்று பிடிவாதமாக இருந்தாள்.

கடைசியில் வழி பிறந்தது. தலைநகரில் கண்காட்சி நடத்தும் எட்ரியன், வாசலுக்கு நேரே தொங்கவிட ஒரு பெரிய துணி கேட்டார். தேநீரின் பொன்னிறத்தில் வேண்டும் என்றார்.

மெலிசா சாயமேற்ற வேண்டிய நூலையெல்லாம் எவர்சில்வர் அண்டாவில் தேயிலைச் சாற்றில் ஊறவைத்துவிட்டு டவுனுக்குப் போனாள். அன்று பனிமூட்டம் விலகவேயில்லை. தோட்டத்தில் கொழுந்தெடுத்துவிட்டு வந்த அம்மா பார்பரா அண்டாவைத் தொட்டுப் பார்த்தாள், ஐஸாய்க் கிடந்தது. சூடாக்கினால் சாயம் நன்றாகப் பிடிக்கும், பாடுபடுகிற பிள்ளைக்கு ஒத்தாசையாக இருக்கட்டும் என்று எல்லாவற்றையும் குளிக்க வெந்நீர் போடும் இரும்புத் தொட்டிக்கு மாற்றி, விறகை மூட்டினாள்.

பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. தேயிலைச் சாறு இரும்பில் பட்டால் கறுத்துவிடும். மெலிசாவுக்கு அது தெரியும். அம்மாவிடம் சொல்லி வைக்கத்தான் தோன்றவில்லை. திரும்பி வந்தபோது நூல் அடுப்புக்கரியாய்க் கிடந்தது.

மெலிசாவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. பார்பரா கைகளை முந்தானைக்குள் ஒளித்துக்கொண்டு அழுதாள். கைகளை ஒளிப்பது அவளுக்குப் பழக்கம். கொழுந்தின் கறை ஏறி விரலெல்லாம் கறுத்து வெடித்துப்போனதால், கோயிலிலும் கல்யாணப் படங்களிலும் அவள் கை வெளியே வராது. கண்ணைத் துடைக்க இப்போது அது வெளியே வந்தது. மெலிசா அந்த விரல்களைப் பார்த்தாள், நூலைப் பார்த்தாள். இரண்டும் ஒரே நிறம். அவள் கோபம் இருந்த இடம் தெரியாமல் போயிற்று.

விஷயத்தைச் சொன்னதும் எட்ரியன் போனில் சுலபமாக வழி சொன்னார். கடையில் பொன்னிற நூல் வாங்கி நெய்தால் யாருக்குத் தெரியப்போகிறது?

“எனக்குத் தெரியும் சார். இதுவும் தேயிலைச் சாயந்தான். இதையேதான் நெய்வேன்” என்றாள் மெலிசா.

அப்படியானால் வாசலில் இடம் கிடையாது, உள்ளேயும் கிடைக்குமோ என்னவோ என்றார் அவர். துணிந்தவளுக்குத் துக்கமில்லை, அவள் தறியில் உட்கார்ந்தாள்.

குளிரில் விரல் விறைத்தது. இரும்பு பட்ட நூல் அடிக்கடி அறுந்தது. முடிந்து முடிந்து நெய்தாள். கறுப்புக்கு நடுவே வெடிப்பு வெடிப்பாய்ச் சாயமேற்றாத வெள்ளை நூலை விட்டுக்கொண்டே போனாள். பார்பரா குற்ற உணர்வில் தறிப்பக்கமே எட்டிப் பார்க்கவில்லை.

கண்காட்சிக் கூடத்தில் துணியை விரித்தபோது எட்ரியன் கிட்டே வந்து அந்த வெள்ளை வெடிப்புகளைத் தடவிப் பார்த்தார். பிறகு ஏணியை வாசலுக்குக் கொண்டுவரச் சொன்னார்.

திறப்பு நாளில் பார்பரா துணிக்குப் பக்கத்திலிருந்த அட்டையை எழுத்துக்கூட்டிப் படித்தாள். ‘அம்மாவின் கை. நெய்தவர்: மெலிசா.’ மறுபடியும் படித்தாள்.

படம் எடுக்க ஒரு பையன் இருவரையும் துணி முன்னால் நிற்கச் சொன்னான். பார்பராவின் கைகள் வழக்கம்போல முந்தானைக்குள் போயின. சற்றுப் பொறுத்துப் பார்பராவே கைகளை வெளியே எடுத்து, விரல்களை விரித்து அந்தத் துணிமேல் வைத்தாள்.

“கிட்ட வந்து எடு தம்பி,” என்றாள். “கை நல்லா தெரியட்டும்லா.”