வாய்க்காலுக்கு இந்தப் பக்கத்துச் செர்ரி

மத்தியானத்துக்குள் மழை வரும் என்று ரேடியோ சொல்லிவிட்டது. பழுத்த செர்ரிமேல் மழை விழுந்தால் தோல் வெடித்துவிடும், அப்புறம் கியுஸ்தென்தில் நகரத்துச் சந்தையில் நாய்கூடத் திரும்பிப் பார்க்காது. அதனால் விடிந்தும் விடியாமலும் நானும் என் வீட்டுக்காரர் வேலினும் ஏணியைத் தூக்கிக்கொண்டு தோட்டத்துக்கு ஓடினோம். போய்ப் பார்த்தால் மரங்களில் ஒரு பழம் இல்லை.

திருட்டு என்றும் சொல்ல முடியாது. அத்தனையும் பெட்டி பெட்டியாக நிழலில் அடுக்கி, மேலே இலை போட்டு மூடியிருந்தது. காம்போடு கிள்ளிய பழம், அடுத்த வருஷத்து மொட்டு ஒன்றுகூட ஒடியவில்லை. இவ்வளவு மரியாதையான திருடன் எந்த ஊரில் இருக்கிறான்? எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. நேற்று முழுக்க என் தம்பி கல்யாணத்தில் இருந்தோம். வேலின் ரொம்ப நேரம் யோசித்துவிட்டு, குடிபோதையில் நாமே வந்து பறித்துவிட்டோமா என்று என்னைக் கேட்டார். இந்த மனுஷனைக் கட்டிக்கொண்டு நான் படும் பாடு!

அப்போது கினா தன் ஆட்களோடு டிராக்டரில் வந்து இறங்கினாள். கூலிக்குப் பழம் பறிக்கும் பெண்களுக்கு அவள்தான் மேஸ்திரி. லாஸார் அண்ணன் பழத்தை ஏற்ற வந்தேன் என்று பெட்டியில் கை வைத்தாள். நேற்று அவரே கூட வந்து, இதுதான் என் தோட்டம் என்று காட்டினாராம்.

எனக்கு ரத்தம் கொதித்தது. லாஸாரின் தோட்டம் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம். ஒரு முழ நிலத்துக்காக எங்களைக் கோர்ட்டுக்கு இழுத்த ஆள், அவருக்கா எல்லை தெரியாது? மொத்தத்தையும் சுருட்டப் பார்க்கிறார், இன்றைக்கு விடக்கூடாது என்று நின்றேன்.

அவர் மெதுவாக நடந்து வந்தார். அந்தப் பக்கம் அவருடைய மரங்களில் பழம் செக்கச்செவேல் என்று தொங்கியது, யாரும் தொடவே இல்லை. அதைப் பார்த்தார். எங்கள் மரங்களைப் பார்த்தார். மறுபடி அங்கே பார்த்தார். சுருட்ட வந்தவன் தன் பழத்தை மழைக்கு விடுவானா?

கினாவுக்குக் கேட்காதபடி பக்கத்தில் வந்தார்.

“நேதா, கோவிச்சுக்காதம்மா. இதுல எது என்னோடது?”

இப்போது நான் எதைக் காட்டினாலும் நம்பிவிடுவார் என்று புரிந்ததும் பயமாகவே இருந்தது.

“அந்தப் பக்கம் பூராவும் உங்களோடதுண்ணே.”

கினாவின் பெண்களை அங்கே ஓடச் சொன்னேன், வேலினிடம் ஏணியை அந்தப் பக்கம் தூக்கச் சொன்னேன். முதல் தூறல் கையில் விழுந்தது. லாஸார் கையைப் பிடித்து வாய்க்காலில் இறக்கினேன்.

“நெசமாத்தானே சொல்ற?” என்று கேட்டார். ஆமாண்ணே என்றேன். கரையேறியதும் மறுபடி அதையே கேட்டார். எனக்கு அழுகை வந்துவிட்டது.