மூன்றாம் வரிசைச் சிரிப்பு

தலை பின்னால் சாய்கிறது, கண் இரண்டும் மூடிக்கொள்கின்றன, கை தொடையில் பட்டென்று அடிக்கிறது, மூன்றாம் வரிசையில் சிரிக்கிற அந்த ஆள் குமுதவல்லியின் புருசன் பரந்தாமன், வீட்டில் ஒரு நாளாவது இப்படிச் சிரித்தானா பாவி, கல்யாணமான புதிதில் அவள் வேலை பார்க்கிற டிவி ஸ்டூடியோவைப் பார்க்க வந்தவனை அவளேதான் காமெடி நிகழ்ச்சிக் கூட்டத்தில் உட்காரவைத்தாள், அடுத்த வாரம் டிவியில் அந்த நிகழ்ச்சியில் நடிக்கிற ஸ்டெல்லா மாமியார் வேஷத்தில் இடுப்பில் கைவைத்து ஒரு ஜோக் அடித்தாள், உடனே திரை முழுக்க இந்தச் சிரிப்பு, ஏய் அது வந்து என்று அவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான், அவள் டிவியை அணைத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள், அன்றைக்குப் பிடித்த வயிற்றெரிச்சல், இன்னும் அணையவில்லை.

அப்போது அவள் கழுத்தில் ஹெட்போனோடு ஓடித் திரிகிற ஒல்லியான உதவி எடிட்டர், பிறகு நிகழ்ச்சியே அவள் கைக்கு வந்தது, நல்ல சிரிப்பு முகங்களை வெட்டிச் சேர்த்துவைத்து, ஜோக் நமத்துப்போகிற இடத்தில் ஒட்டுவது எடிட்டர்கள் வழக்கம், புருசன் சிரிப்பை அவள் யார் யாருக்கோ ஒட்டினாள், கிளி ஜோசியனாக வந்து சொதப்பினவனுக்குக்கூட ஒட்டினாள், ஸ்டெல்லாவுக்கு மட்டும் கிடையாது, அவளுக்குக் கொட்டாவி விடுகிற ஒரு பெரியவரைத் தேடிப் போட்டாள், என்னக்கா எனக்கு யாருமே சிரிக்க மாட்டேங்கிறாங்க என்பாள் ஸ்டெல்லா, சிரிப்பு வர்ற மாதிரி பண்ணா சிரிப்பாங்கம்மா, சொல்லும்போது எவ்வளவு சுகம், வீட்டுக்கு வந்து அதே மாமியார் ஜோக்கைத் தானே சொல்லிப் பார்க்கிறாள், இடுப்பில் கையெல்லாம் வைத்து, அவன் தட்டிலிருந்து நிமிர்ந்து, குழம்புல உப்பு கம்மி குமுதா என்கிறான்.

இப்போது ஸ்டெல்லா சினிமாவுக்குப் போகிறாள், அவளை வழியனுப்ப ஒரு நிகழ்ச்சி, அக்கா அந்த மாமியார் ஜோக்கு முழுசா வேணும் என்கிறான் டைரக்டர், வெட்டாத பழைய படத்தை எடுத்து, மேடைக் கேமராவையும் கூட்டத்துக் கேமராவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஓட்டுகிறாள், ஸ்டெல்லா இடுப்பில் கைவைக்கிறாள், ஜோக் முடிகிறது, பரந்தாமன் மூக்கைச் சொறிகிறான், மறுபடி ஓட்டுகிறாள், மறுபடியும் மூக்கைத்தான் சொறிகிறான், அடக் கடவுளே, ஒட்டின சிரிப்பு, ஊரையெல்லாம் ஒட்டி ஏமாற்றுகிறவளை எவனோ அப்போதிருந்த எடிட்டர் ஏமாற்றிவிட்டான், அப்படியானால் இவன் எதற்குத்தான் சிரித்தான், ஓட்டிக்கொண்டே போகிறாள், ஸ்டெல்லா உள்ளே போயாயிற்று, மேடை காலி, கழுத்தில் ஹெட்போனோடு ஒல்லியாக ஒரு பெண் குறுக்கே ஓடிவருகிறாள், ஒயர் எதிலோ மாட்டிப் பின்னால் இழுக்கிறது, விழப்போனவள் மைக் கம்பத்தைக் கட்டிப்பிடித்து நின்று, நாக்கைக் கடித்து, கூட்டத்துக்குப் பெரிதாக ஒரு கும்பிடு போடுகிறாள், பக்கத்துத் திரையில் தலை பின்னால் சாய்கிறது, கண் இரண்டும் மூடிக்கொள்கின்றன, கை தொடையில் பட்டென்று அடிக்கிறது, இந்தா வச்சுக்கோடி என்று அந்தச் சிரிப்பை ஸ்டெல்லாவின் ஜோக்குக்கே ஒட்டுகிறாள் குமுதவல்லி, அவள்மேல் இப்போது ஒன்றுமில்லை, எரிவதெல்லாம் இந்த ஒல்லிக்காரிமேல்தான், யாருடி நீ, என் புருசனை இப்படிச் சிரிக்கவைக்க, எங்கடி போய்த் தொலைஞ்ச என்று கேட்கிறாள், திரையில் அந்தப் பழைய குமுதா கும்பிட்டபடியே நிற்கிறாள்.