நிறம் திரும்பிய மீன்

ஒரகடம் கூட்டுச் சாலையிலிருந்து படப்பை செல்லும் வழியில், பெட்ரோல் நிலையத்திற்குப் பின்புறமுள்ள மூன்றாவது தெருவில் என் வீடு அமைந்துள்ளது. கீழ்த்தளத்தில் நான் வசிக்கிறேன். மாடியில் ஓர் அறை உள்ளது. அவ்வறையில் இரண்டரை ஆண்டுகள் ஆறு இளைஞர்கள் குடியிருந்தனர். அவர்கள் விட்டுச்சென்ற மீன்தொட்டியைப் பற்றியும், அதில் எஞ்சிய ஒரு மீனுக்கு நான் துணை தேடியதைப் பற்றியும் இங்கு எழுதுகிறேன்.

அவ்விளைஞர்கள் தென்காசிப் பகுதியைச் சேர்ந்தவர்கள். வாகன உதிரிபாகத் தொழிற்சாலை ஒன்றில் ஒப்பந்தப் பணியாளர்களாக இருந்தனர். மூவர் பகல் ஷிஃப்டுக்குச் சென்றால் மூவர் இரவு ஷிஃப்டுக்குச் செல்வர். ஆறு பேரும் ஒருசேர விழித்திருக்கும் நாள் ஞாயிறு மட்டுமே. அத்தகைய ஒரு ஞாயிற்றுக்கிழமையில் படப்பைக்குச் சென்று, இரண்டடி நீளத் தொட்டியும் ஆறு நியான் டெட்ரா மீன்களும் வாங்கிவந்தனர். நியான் டெட்ரா சுண்டுவிரலில் பாதி அளவே உள்ள மீன். பக்கவாட்டில் ஒளிரும் நீலக் கோடும், வாலை ஒட்டிச் சிவப்பும் கொண்டது. எவ்வுயிரையும் துன்புறுத்தாத இயல்புடையது.

ஆளுக்கொரு மீனாகப் பிரித்துக்கொண்டு தத்தம் பெயரையே அவற்றுக்குச் சூட்டினர். ஆனால் ஆறும் ஒன்றுபோலவே இருந்தமையால் அவர்களுக்குள் சண்டை ஓயவில்லை.

“எல, முன்னால போறது நாந்தான்,” என்பான் இசக்கிபாண்டி.

“ஒன் மூஞ்சிக்கு முன்னால வேற போவியோ? ஃபில்டருக்குப் பின்னால ஒளிஞ்சி கெடக்கு பாரு, அதான் நீ. சூப்பர்வைசரக் கண்டா அப்பிடித்தான நிப்ப,” என்பான் அருள்பாண்டி.

துணி உலர்த்த மாடிக்குச் செல்லும்போது இதைக் கேட்டு நான் சிரித்ததுண்டு.

சென்ற தைத் திங்களில் அவர்களுடைய ஒப்பந்தம் முடிவுற்றது. ஒருவன் ஓசூருக்கும் இருவர் கோயம்புத்தூருக்கும் வேலைக்குச் சென்றனர். ஏனையோர் ஊர் திரும்பினர். தொட்டியைக் கொண்டுசெல்ல எவராலும் இயலவில்லை. ஓசூருக்குப் புறப்பட்ட இசக்கிபாண்டி அதைத் தூக்கிவந்து என் கூடத்தில், தொலைக்காட்சிக்கு அருகே வைத்தான்.

“எக்கா, காலைல ஒரு சிட்டிக, சாயங்காலம் ஒரு சிட்டிக. அம்புட்டுதான் தீனி. ஞாயித்துக்கெழம போன் பண்ணி வெசாரிச்சிக்கிடுதோம்.”

கூறியவாறே செய்தனர். என் கணவர் வரதராஜன் மறைந்து ஒன்பது ஆண்டுகள் ஆகின்றன. எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. தொழிற்சாலை கேன்டீன் ஒன்றில் காய் நறுக்கும் பணி செய்கிறேன். பிற்பகல் மூன்று மணிக்கு வீடு திரும்பினால் மறுநாள் காலை வரை என்னை “பாஞ்சாலி” என்று அழைக்க ஒருவரும் இல்லை. நாற்பத்தேழாம் வயதில் தனித்தேர்வராகப் பத்தாம் வகுப்பு எழுதி முதல் முறையிலேயே தேர்ச்சி பெற்றேன் என்றால், அதற்கு அந்த நீண்ட மாலைப்பொழுதுகளும் ஒரு காரணம். ஆகவே ஞாயிற்றுக்கிழமை அழைப்புகள் எனக்கு எத்தகையவை என்பதை விளக்கத் தேவையில்லை. வாரத்திற்கு இருவரோ மூவரோ அழைப்பர். கேட்பது ஒன்றே.

“எக்கா, என் மீனு எப்பிடி இருக்கு?”

“நல்லா கீதுப்பா. இப்பதான் துன்னுச்சி.”

சித்திரை வெயிலில் இரண்டு மீன்கள் இறந்தன. நாள் முழுவதும் மின்சாரம் தடைப்பட்ட ஒரு நாளில் மூன்றாவது இறந்தது. மற்றொன்று மூடியின் இடுக்கு வழியே துள்ளி விழுந்து, நான் பணியிலிருந்து திரும்பியபோது தரையில் காய்ந்து கிடந்தது. ஐந்தாவது மீன் ஆடி மாதத்தில், காரணம் ஏதும் தெரியாமல் மாண்டது. எந்த மீன் எவனுடையது என்றே அறியாதபோது எவனிடம் போய் இறப்பைத் தெரிவிப்பது? ஆகவே எவனிடமும் தெரிவிக்கவில்லை. ஒரே மீன் எஞ்சிய பின்னரும், அழைத்த ஒவ்வொருவனிடமும் அவனுடைய மீன் நலமாக உள்ளது என்றே கூறினேன். பொய் என்று அறிந்தே கூறினேன். மீன் இல்லையென்றால் அழைப்பும் இராது என்பதை நான் உணர்ந்திருந்தேன்.

எஞ்சிய மீன் ஃபில்டருக்குப் பின்னால் ஒதுங்கியது. தீனியைத் தொடவில்லை. அதன் நீலக் கோடு நாளுக்குநாள் மங்கிச் சாம்பல் நிறம் எய்தியது.

அவ்வாரம் மாடி அறையைப் பெருக்கச் சென்றபோது, அவர்கள் முகம் மழிக்கப் பயன்படுத்திய கண்ணாடி ஆணியிலேயே தொங்குவதைக் கண்டேன். அதைக் கீழே கொண்டுவந்து துடைத்து, தொட்டியின் பக்கவாட்டில் சாய்த்து வைத்தேன். சிறிது நேரத்தில் மீன் வெளியே வந்தது. தன் பிம்பத்தை ஒட்டியவாறு மேலும் கீழும் நீந்தியது. மாலையில் தீனி உண்டது. ஒன்பது நாள்கள் இவ்வாறே கழிந்தன. ஆனால் கூடத்தில் விளக்கை அணைத்தால் பிம்பம் மறைந்துவிடும். விடியற்காலையில் நான் எழுந்து பார்க்கும்போது அம்மீன் கண்ணாடி இருந்த மூலையிலேயே மூக்கை உரசிக்கொண்டு நிற்கும். உயிருள்ள துணையே அதற்குத் தேவை என்று முடிவு செய்து, ஷேர் ஆட்டோவில் படப்பைக்குச் சென்றேன்.

மீன்கடை உரிமையாளர் சுபாஷ் முழுவதையும் கேட்டுக்கொண்டார்.

“நியான் கூட்டமாத்தான் இருக்கும்க்கா. கொறஞ்சது ஆறு வேணும். ஒண்டியா வுட்டா பயத்துலியே செத்துப்பூடும். அஞ்சு புட்ச்சி தரேன், எடுத்துனு போங்க.”

“அதே மீனு வாணாம். வேற எதனா குடு.”

“ஏன்?”

“கலந்துட்டா எங்க வூட்டு மீனு எதுன்னு தெரியாம பூடும்.”

சுபாஷ் சிரித்தார். “இன்னாக்கா, ஸ்கூல் வேன்ல புள்ளைய தேட்ற மாதிரி சொல்றீங்க. வேணும்னா பேட்ஜு குத்தி வுடட்டா?”

எனினும் பொறுமையாக ஒவ்வொரு தொட்டியாகக் காட்டினார். ஏஞ்சல் மீன் வளர்ந்தபின் நியானை விழுங்கிவிடும் என்றார். தங்கமீனுக்குக் குளிர்ந்த நீர் வேண்டும், நியானுக்கோ வெதுவெதுப்பான நீர் வேண்டும் என்றார். வாஸ்து மீன் இருந்த தொட்டியில் வேறெந்த மீனும் இல்லை. அதைப் பற்றி நான் கேட்கவே இல்லை. இறுதியில், தோகை போன்ற வாலுடைய சிவப்பு ஃபைட்டர் மீன் ஒன்றைக் காட்டினார்.

“இதும் ஒண்டிக்கட்டைதான். இன்னொரு ஃபைட்டரைப் பாத்தாதான் சண்டைக்குப் போவும். நியானைக் கண்டுக்காது. ஆனா கேரண்டி கேக்காதீங்க.”

நியானையும் ஃபைட்டரையும் எவரும் குழப்பிக்கொள்ள இயலாது. ஆகவே மகிழ்ச்சியுடன் வாங்கிவந்தேன். தொட்டியில் விட்டதும் அது நேரே கண்ணாடியின் பக்கம் சென்றது. அங்கு மற்றொரு ஃபைட்டர் இருக்கக் கண்டது. செவுள்களை விரித்தது. வாலை விசிறிபோல் பரப்பியது. தொட்டிச் சுவரின்மீது மோதிக்கொண்டே இருந்தது. நியான் அஞ்சி ஓடி ஃபில்டருக்குப் பின்னால் மறைந்தது. கண்ணாடியை அகற்றினேன். ஃபைட்டர் அமைதியடைந்தது, ஆனால் நியான் வெளியே வரவில்லை. மறுநாள் மீண்டும் கண்ணாடியை வைத்துப் பார்த்தேன். நியான் தலைகாட்டியது, உடனே ஃபைட்டர் போருக்கு எழுந்தது. ஒன்றிற்குத் துணையாக இருந்த கண்ணாடியே மற்றொன்றிற்குப் பகையாயிற்று. மூன்றாம் நாள் ஃபைட்டரைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

அடுத்து வந்த ஞாயிறன்று இசக்கிபாண்டி அழைத்தான். அழைப்பில் அருள்பாண்டியும் இணைந்திருந்தான்.

“எக்கா, ஒரு சந்தேகம். இந்தப் பய சொல்லுதான், நாலு மீனு செத்து இவனுதும் இன்னொண்ணுந்தான் இருக்கும், அக்கா கொரல்லயே தெரியுதுன்னு. என்னுது இருக்கா?” என்றான் இசக்கிபாண்டி.

நான் தொட்டியைத் திரும்பிப் பார்த்தேன்.

“போன வாரம் எங்கிட்ட என் மீனு நல்லாருக்குன்னிய,” என்றான் அருள்பாண்டி. “அதுக்கு முந்துன வாரம் இவங்கிட்டயும் சொல்லிருக்கிய.”

“ஒண்ணுதான்பா கீது,” என்றேன். “அது யாருதுன்னு எனக்குத் தெரியாது. எல்லாருக்கும் அதையே சொல்லிக்கினு இருந்தேன்.”

இருவரும் சிரிப்பார்கள் அல்லது கோபிப்பார்கள் என எதிர்பார்த்தேன். ஆனால் இசக்கிபாண்டி, “அப்ப ஒத்தையிலயா கெடக்கு?” என்று கேட்டான்.

“ஆமா.”

“பாவம்லாக்கா. அஞ்சு வாங்கி விட்ருங்க.”

“வுட்டா அப்பறம் உங்குளுது எதுன்னே தெரியாது.”

“எங்களுக்கே என்னைக்குக்கா தெரிஞ்சிச்சி,” என்றான் அருள்பாண்டி. “அது கெடந்து சாவதுக்கு, தெரியாமயே இருந்துட்டுப் போட்டும்.”

அன்று மாலையே ஐந்து நியான்களை வாங்கிவந்தேன். சுபாஷ் கூறியவாறு, அவை இருந்த பையை அரைமணி நேரம் தொட்டி நீரில் மிதக்கவிட்டுப் பின்னர் திறந்தேன். ஐந்தும் ஒரே திசையில் நீந்தின. பழைய மீன் ஃபில்டருக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தது. பின் வெளியே வந்தது. அன்றிரவு விளக்கை அணைக்கும்போது அது ஆறாவதாக, வரிசையின் இறுதியில் சென்றுகொண்டிருந்தது.

நிறம் மங்கியிருந்தமையால் முதலிரு நாள்கள் அதை எளிதில் அடையாளம் கண்டேன். ஐந்து நீலக் கோடுகளுக்கு இடையே ஒரு சாம்பல் கோடு. மூன்றாம் நாள் அது நன்றாக உண்டது. நான்காம் நாள் கோட்டில் சிறிது நீலம் ஏறியது. ஆறாம் நாள் பணியிலிருந்து திரும்பி, கைகூடக் கழுவாமல் தொட்டியின் முன் அமர்ந்து தேடினேன். ஆறு மீன்களும் சம அளவில் ஒளிர்ந்தன. அது பிழைத்துவிட்டது என்பதை, அதைக் காண முடியாமற்போனதிலிருந்தே அறிந்துகொண்டேன்.

அந்த ஞாயிறன்று அழைப்பு வரவில்லை. அடுத்த ஞாயிறும் வரவில்லை. அதற்கடுத்த ஞாயிறன்று, அதுவரை ஒருமுறையும் செய்யாதவாறு, நானே இசக்கிபாண்டியை அழைத்தேன். இயந்திர ஓசைக்கு நடுவே அவன் குரல் கேட்டது.

“எக்கா, ஓ.டி.யில நிக்கேன். மீனுக்கு எதும் ஆயிட்டா?”

“இல்லப்பா. ஆறும் நல்லா கீது.”

“அப்ப சரி.” இயந்திரம் நான்கைந்து முறை அடித்து ஓய்ந்தது. “வேற என்னக்கா?”

வேறு என்ன என்று யோசித்தேன். மீனைத் தவிர வேறெதைப் பற்றியும் பேச நாங்கள் பழகியிருக்கவில்லை.

“ஒண்ணும் இல்ல. துன்னியா?”

“ஆச்சிக்கா. வைக்கட்டா, சூப்பர்வைசர் வாரான்.”

கைபேசியை வைத்துவிட்டு மாலைத் தீனியை இட்டேன். பழக்கத்தால் கண்ணாடியைத் தொட்டியின் அருகே சாய்த்தேன். ஆறு மீன்களும் அதைக் கடந்து சென்றன. எதுவும் நின்று பார்க்கவில்லை. கண்ணாடியை எடுத்துத் துடைத்து, மாடிக்குக் கொண்டுசென்று அது இருந்த ஆணியிலேயே மாட்டினேன். அறையைப் பூட்டிக்கொண்டு கீழே இறங்கினேன்.